கான்பூர் கண்ட வித்யார்த்தி

(இரண்டாம் ஆண்டு, பி.எஸ்ஸி. இயற்பியல்)

வித்யார்த்தி என்ற வடசொல்லுக்கு மாணவன் என்று பொருள். படித்துப் பட்டம் பெற்ற பிறகும், ஓர் ஏட்டுக்கு ஆசிரியரான பிறகும், மாநிலக் காங்கிரசுக்குத் தலைவரான பிறகும் இந்தப் பெயரையே தம் பெயரோடு சேர்த்து எழுதி வந்தவர் கணேச சங்கர வித்யார்த்தி. மனிதன் சாகும்வரை மாணவனே என்பது அவர் எண்ணம். பட்டம் என்று மேலே எழுதியது பேச்சுவழக்குக்காகத்தான். உண்மையில் அவர் பட்டம் பெறவில்லை. பணமில்லாமல் கல்லூரியை விட்டவர்.

ஆண்டு மலருக்கு ஒரு பெரியவரின் வாழ்க்கையை எழுதித் தரும்படி தமிழ்ப் பேராசிரியர் கேட்டபோது, என் வகுப்பு நண்பர்கள் பெரும்பாலோர் சர் சி. வி. இராமனையும் மேரி கியூரியையும் எடுத்துக்கொண்டார்கள். இயற்பியல் மாணவன் நான் மட்டும் ஒரு பத்திரிகைக்காரரை எடுத்ததற்குக் காரணம் உண்டு. அதை முதலில் சொல்லிவிடுகிறேன். சொல்ல வெட்கமாகத்தான் இருக்கிறது.

என் தந்தை அரிசி ஆலையில் மூட்டை சுமப்பவர். எங்கள் வீட்டில் எழுத்துக் கூட்டிப் படிக்கத் தெரிந்த முதல் ஆள் நான். அதனால் எங்கள் தெருவில் யாருக்குக் கடிதம் வந்தாலும், கைபேசியில் எழுத்தாகச் சேதி வந்தாலும் என்னிடம்தான் கொண்டு வருவார்கள். சென்ற ஆண்டு திருவிழா சமயத்தில் எங்கள் தெருவுக்கும் அடுத்த தெருவுக்கும் தேர் வரும் பாதை பற்றி மனக்கசப்பு இருந்தது. அப்போது ஒரு சேதி வந்தது. நம் தெருப் பையன் ஒருவனைப் பக்கத்து ஊரில் அவர்கள் வெட்டிவிட்டார்கள் என்று அதில் இருந்தது. இரத்தம் வழியும் ஒரு படமும் இருந்தது. திண்ணையில் இருந்தவர்களுக்கு நான் அதை உரக்கப் படித்துக் காட்டினேன். நான்கு பேருக்கு அனுப்பியும் வைத்தேன். கல்லூரியில் படிக்கிற பிள்ளை படித்தால் அது பொய்யாக இருக்குமா? அன்று இரவே கல் பறந்தது. மறுநாள் காலையில்தான் தெரிந்தது, அந்தப் பையன் இருசக்கர வண்டியிலிருந்து விழுந்து கை உரசிக்கொண்டவன் என்று. படம் எந்த ஊர்ப் படமோ! அடுத்த தெருவில் என் மிதிவண்டிக்குப் பல ஆண்டுகள் காசு வாங்காமல் காற்றடித்துத் தந்தவரின் பஞ்சர் கடையை அடித்து நொறுக்கியிருந்தார்கள். அவர் இன்றும் என்னோடு பேசுவதில்லை.

அதன் பிறகுதான் நூலகத்தில் வித்யார்த்தியைப் பற்றிப் படித்தேன். இனி அவர் கதைக்கு வருகிறேன்.

கணேச சங்கரர் 1890ஆம் ஆண்டு அக்டோபர் 26ஆம் நாள் அலகாபாத்தில், தாயின் பிறந்தகத்தில் பிறந்தார். தந்தையார் ஜெயநாராயணர் குவாலியர் சமஸ்தானத்தைச் சேர்ந்த முங்காவ்லி என்னும் சிற்றூரில் பள்ளி ஆசிரியர். வீட்டில் செல்வம் இல்லை, கல்வி இருந்தது. உருதும் ஆங்கிலமும் படித்து, 1907ஆம் ஆண்டில் தனித்தேர்வராக எண்ட்ரன்ஸ் தேர்வை எழுதித் தேறினார். அலகாபாத்தில் காயஸ்த பாடசாலையில் சேர்ந்தவர் சில மாதங்களிலேயே வறுமையால் வெளியேறினார். கான்பூரில் கரன்சி அலுவலகத்தில் ஒரு வேலை கிடைத்தது. வேலை நேரத்தில் புத்தகம் படித்ததற்காக வெள்ளைக்கார அதிகாரி கடிந்துகொள்ள, வேலையை உதறிவிட்டார் என்பார்கள். பிறகு ஒரு பள்ளியில் ஆசிரியரானார். அங்கும் தேசிய ஏடுகளைப் படித்ததே வம்பாயிற்று. படிப்பதற்காகவே இரண்டு வேலைகளை இழந்த ஒருவர் தம்மை மாணவன் என்று அழைத்துக்கொண்டதில் வியப்பில்லை.

1911ஆம் ஆண்டில் இந்தி உரைநடைக்கு ஒழுங்கு தந்த மகாவீர் பிரசாத் துவிவேதியின் சரஸ்வதி இதழில் துணையாசிரியராகச் சேர்ந்தார். துவிவேதி ஒரு சொல்லுக்காக அரை நாள் செலவிடும் ஆசான். அவரிடம் மொழியைக் கற்றார். ஆனால் இலக்கிய இதழில் அவர் மனம் முழுமையாக ஒட்டவில்லை. அடுத்து மதன்மோகன் மாளவியாவின் அப்யுதயா ஏட்டுக்குப் போனார். அங்கே அரசியல் எழுத்தைக் கற்றார். பின்னர் கான்பூர் திரும்பி, நண்பர்கள் சிலரோடு கூடி, 1913ஆம் ஆண்டு நவம்பர் 9ஆம் நாள் பிரதாப் என்ற வார ஏட்டைத் தொடங்கினார். அப்போது அவருக்கு வயது 23. நம் கல்லூரி முதுகலை அண்ணன்மார் வயது!

கான்பூர் அந்நாளில் புகைபோக்கிகளின் நகரம். நூற்பாலைகள், கம்பளி ஆலைகள், தோல் பதனிடும் கூடங்கள். நாட்டுப்புறத்திலிருந்து பிழைக்க வந்த இந்துக்களும் முசுலிம்களும் ஒரே ஆலையில் உழைத்து, வேறு வேறு மொகல்லாக்களில் உறங்கினர். முதல் இதழிலேயே ஏட்டின் கொள்கையை அவர் எழுதினார். எந்த மதக் கூட்டத்துக்கும் எந்தத் தனி மனிதருக்கும் பகையாகவோ துணையாகவோ இந்த ஏடு நடக்காது, உண்மையும் நீதியுமே வழி, அதிலிருந்து தவறும் நாள் எங்கள் வாழ்வின் கெட்ட நாள் என்ற கருத்தில் அமைந்தது அது. இப்படி முதல் இதழில் எழுதாத ஏடு உண்டா என்று கேட்கலாம். நானும் கேட்டேன். பின்வரும் ஆண்டுகள்தாம் அதற்கு விடை.

பீகாரில் சம்பாரண் மாவட்டத்தில் அவுரி பயிரிடுவித்த வெள்ளைத் தோட்டத்துரைமார் தீன்கட்டியா என்றொரு முறையை வைத்திருந்தார்கள். ஒரு பிகா நிலத்துக்கு 20 கட்டா. அதில் 3 கட்டாவில் உழவன் கட்டாயம் அவுரி விதைக்க வேண்டும். மறுத்தால் அடி, அபராதம், பறிமுதல். இந்தக் கொடுமையை வெளியுலகத்துக்குத் தெரியப்படுத்திய ஏடுகளில் முன் நின்றது பிரதாப். எழுதி அனுப்பியவர் பேட்டியா ஊரின் பள்ளி ஆசிரியர் பீர் முகம்மது மூனிஸ். இந்தியில் எழுதிய முசுலிம் அவர். இந்த எழுத்துக்காக அவருக்கு ஆசிரியர் வேலை போயிற்று. சம்பாரண் உழவர் ராஜ்குமார் சுக்லா கான்பூருக்கே வந்து வித்யார்த்தியைக் கண்டு முறையிட்டவர். 1916 டிசம்பரில் லக்னோ காங்கிரசில் காந்தியடிகளை விடாமல் பின்தொடர்ந்து சம்பாரணுக்கு அழைத்தவரும் இதே சுக்லாதான். 1917இல் காந்தியடிகள் அங்கே சென்றார். 1918இல் சட்டம் வந்து தீன்கட்டியா ஒழிந்தது. ஒரு துப்பாக்கி வெடிக்காமல் தீர்ந்த வழக்கு இது. நாட்டின் ஒரு மூலையில் அடிபட்டவன் சொல் இன்னொரு மூலையில் அச்சாகக் கண்டதும், கம்பெடுக்கும் எண்ணம் தணிந்து காகிதம் எடுக்கும் எண்ணம் பிறந்திருக்கும் என்று எனக்குத் தோன்றுகிறது. இது என் ஊகமே.

இராஜபுதனத்தில் பிஜோலியா உழவர் போராட்டத்தையும் பிரதாப்தான் நாட்டுக்குச் சொன்னது. கான்பூர் ஆலைத் தொழிலாளரின் வேலைநிறுத்தங்களில் வித்யார்த்தி தாமே முன் நின்றார். 1910ஆம் ஆண்டின் அச்சகச் சட்டப்படி அரசாங்கம் ஜாமீன் தொகை கேட்டு நெருக்கியது. ஏடு 1920இல் நாளேடாகவும் மலர்ந்தது.

1921 ஜனவரி 7ஆம் நாள் ரேபரேலியை அடுத்த முன்ஷிகஞ்சில், சயி ஆற்றங்கரையில் கூடிய உழவர்கள் மீது துப்பாக்கிச் சூடு நடந்தது. பிரதாப் அதை ஜாலியன்வாலாவோடு ஒப்பிட்டு எழுதியது. சுட்டதில் ஒரு தாலுக்தாருக்கும் பங்குண்டு என்று பெயர் குறிப்பிட்டு எழுதியது. அந்தத் தாலுக்தார் மானநட்ட வழக்குத் தொடர்ந்தார். ஜவாஹர்லால் நேரு உட்படப் பலர் சாட்சி சொல்லியும் தீர்ப்பு வித்யார்த்திக்கு எதிராகவே வந்தது, சிறை சென்றார். மன்னிப்புக் கேட்டிருந்தால் வழக்கு முடிந்திருக்கும், கேட்கவில்லை. அமைதியை விரும்பும் பத்திரிகைக்காரன் சுட்டவர் பெயரை எழுதலாமா, அது பகையை வளர்க்காதா என்று என் நண்பன் ஒருவன் விடுதியில் வாதிட்டான். நான் சொன்ன பதில் இது: பெயர் தெரியாதபோதுதான் ஒரு கூட்டம் முழுவதும் பகையாகிறது. சுட்டவன் இன்னான் என்று தெரிந்தால் அவன் ஒருவனே குற்றவாளி. அவன் சாதியும் மதமும் தப்பித்துக்கொள்ளும். எங்கள் தெருச் சேதியில் இருந்தது என்ன? அவர்கள் வெட்டிவிட்டார்கள் என்றுதான் இருந்தது. யார் அந்த அவர்கள்? நான் கேட்கவில்லை.

சிறை அவருக்குப் புதிதல்ல. ஐந்து முறை போய் வந்தார். விக்டர் ஹ்யூகோவிடம் பெரும் பற்றுக்கொண்டு அவருடைய நாவல்களை இந்தியில் பெயர்த்ததும் சிறைவாசக் காலத்தில்தான்.

ஒத்துழையாமை இயக்கம் நின்றபின் வட இந்தியாவில் மதக் கலவரங்கள் பெருகின. மசூதி முன் மேளம், அரசமரக் கிளை, பசு, ஊர்வலம் என்று காரணத்துக்குப் பஞ்சமில்லை. இரு பக்கத்து ஏடுகளும் நெருப்பை ஊதின. புண்படுத்தும் எழுத்துகள் பெருகியதால்தான் 1927ஆம் ஆண்டில் தண்டனைச் சட்டத்தில் 295-ஏ என்ற பிரிவே சேர்க்கப்பட்டது. ஏடுகளுக்கு அது நல்ல வியாபாரக் காலம். தன் சமயத்தார் பட்ட அடியை மட்டும் எழுதினால் போதும், பிரதிகள் பறக்கும். அந்நாளில்தான், 1924 அக்டோபரில், வித்யார்த்தி மதத்தை மறைப்பாக வைத்து நடக்கும் சூதைப் பற்றி ஒரு கட்டுரை எழுதினார். சங்கு ஊதுவதும் தொழுவதும் மட்டுமே தர்மம் ஆகாது; நல்லொழுக்கம் இல்லாத பக்தனைவிட, பிறர் துன்பத்தைக் கருதும் நாத்திகன் மேல் என்ற கருத்தை இந்துக்கள் மிகுந்த ஊரில், இந்துக்கள் வாங்கும் ஏட்டில், இந்துவாகப் பிறந்த ஒருவர் எழுதினார். மேலை நாட்டில் பணம் ஏழையை ஏய்க்கிறது, இங்கே மதத்தின் பெயரால் அறிவை ஏய்க்கிறார்கள் என்றும் அதில் எழுதினார். வாங்குகிறவனைப் புகழ்ந்து எழுதுவது எளிது. வாங்குகிறவனிடமே அவன் குற்றத்தைச் சொல்வதற்குத் தனித் துணிவு வேண்டும்.

ஒன்றை மறைக்கக் கூடாது. வித்யார்த்தி முழு அகிம்சாவாதி அல்லர். அகிம்சையை நாட்டுக்கு ஏற்ற நடைமுறை என்று ஏற்றாரே தவிர, மாறாத மதமாக ஏற்கவில்லை. ஆயுதம் ஏந்திய இளைஞர்களுக்கு பிரதாப் அலுவலகம் புகலிடமாக இருந்தது. பகத்சிங் வீட்டைவிட்டு வந்து, பல்வந்த் சிங் என்ற மாற்றுப் பெயரில் அங்கே வேலை பார்த்தார். காக்கோரி வழக்கில் 1927இல் தூக்கிலிடப்பட்ட ராம்பிரசாத் பிஸ்மில் எழுதிய தன்வரலாற்றை அச்சிட்டு வெளியிட்டதும் பிரதாப் அச்சகம்தான். அதே வழக்கில் தூக்கிலேறிய அஷ்பகுல்லா கான் பிஸ்மிலின் உயிர்த் தோழர். இவரை எப்படி அமைதிக்கான இதழாளர் என்று எழுதுவது என்று இரண்டு நாள் தயங்கினேன். ஆட்சியை எதிர்ப்பது வேறு, அண்டை வீட்டானை வெட்டுவது வேறு என்று அவர் பிரித்துப் பார்த்திருக்கிறார் என்று நினைத்துத் தொடர்ந்தேன்.

பிரதாப்பில் எழுதப் பழகிய பகத்சிங் 1928இல் கீர்த்தி என்னும் பஞ்சாபி இதழில் கலவரங்களைப் பற்றி எழுதினார். உயர்ந்த தொழிலாக இருந்த பத்திரிகைத் தொழில் இன்று பெரிய தலைப்புகள் போட்டு மக்களை மோதவிடும் தொழிலாகிவிட்டது என்று வருந்தினார். அந்த எழுத்தில் கான்பூரின் பயிற்சி தெரிகிறது. அந்த பகத்சிங்கின் மரணமே தம் ஆசிரியரின் மரணத்துக்கு வழிவகுக்கும் என்று அவர் கனவிலும் எண்ணியிருக்க மாட்டார்.

1930இல் மீண்டும் சிறை சென்ற வித்யார்த்தி, காந்தி - இர்வின் உடன்பாட்டை ஒட்டி 1931 மார்ச் 9ஆம் நாள் விடுதலையானார். கராச்சி காங்கிரசுக்குப் புறப்பட வேண்டியவர். மார்ச் 23ஆம் நாள் மாலை லாகூர்ச் சிறையில் பகத்சிங், ராஜகுரு, சுகதேவ் மூவரும் தூக்கிலிடப்பட்டனர். மறுநாள் கான்பூரில் கடையடைப்பு. சில முசுலிம் கடைக்காரர்கள் அடைக்க மறுத்தார்கள், வற்புறுத்தினார்கள், கைகலப்பு, கல், பிறகு தீ. அஷ்பகுல்லாவின் தோழர்களுடைய வழி வந்த ஒருவனுக்காகத் துக்கம் கொண்டாடிய நாளில் இந்துவும் முசுலிமும் வெட்டிக்கொண்டார்கள். கோயில்களும் மசூதிகளும் எரிந்தன. மாண்டவர் பல நூறு பேர். காவலர்கள் முதல் நாட்களில் கைகட்டி நின்றனர் என்பது பரவலான குற்றச்சாட்டு.

வித்யார்த்தி கராச்சிக்குப் போகவில்லை. மேசைமுன் உட்கார்ந்து அமைதிக்கு வேண்டுகோள் எழுதவும் இல்லை. தெருவில் இறங்கினார். 24ஆம் நாள் முழுவதும் அலைந்தார். 25ஆம் நாள் காலையில் வங்காளி மொகல்லாவில் இந்துக்களிடையே சிக்கிக்கொண்ட முசுலிம் குடும்பங்களை வெளியே கொண்டுவந்து, லாரி பிடித்துப் பத்திரமான இடங்களுக்கு அனுப்பினார். ஏறத்தாழ இருநூறு பேர் என்கிறார்கள். பிறகு முசுலிம்கள் நடுவே இந்துக் குடும்பங்கள் மாட்டிக்கொண்டிருப்பதாகச் செய்தி வர, அங்கே போனார். முசுலிம் தொண்டர் ஒருவரும் உடன் சென்றார். சிலரை மீட்டு அனுப்பினார். சௌபே கோலா பகுதியில் ஒரு கூட்டம் சூழ்ந்தது. கூட்டத்திலேயே அவரை அறிந்தவர்கள் இருந்தார்கள். விட்டுவிடுங்கள், இவர் நம்மவரைக் காத்தவர் என்று தடுத்தும் பார்த்தார்கள். ஒருவர் அவரை ஒரு சந்துக்குள் இழுத்துத் தப்புவிக்க முயன்றபோது, ஓடி உயிர் பிழைக்க மாட்டேன் என்று அவர் நின்றுவிட்டதாகச் சொல்கிறார்கள். கத்தியும் கம்பும் விழுந்தன. அவருக்கு வயது 40.

அன்று இரவு அவர் வீடு திரும்பவில்லை. அடுத்த நாளும் திரும்பவில்லை. மருத்துவமனையில் குவிந்து கிடந்த பிணங்களுக்கிடையே, ஊதி உருத்தெரியாமல் போயிருந்த ஒரு உடலை, அதன் மேலிருந்த கதராடையையும் சட்டைப் பையிலிருந்த கடிதங்களையும் கொண்டு அடையாளம் கண்டார்கள். மார்ச் 29ஆம் நாள் தகனம் நடந்தது. காந்தியடிகள் அந்தச் சாவைக் கண்டு பொறாமைப்படத் தக்கது என்ற கருத்தில் எழுதினார். இந்து - முசுலிம் இரு சமயத்தாரையும் ஒட்டவைக்கும் காரையாக அந்த இரத்தம் ஆகட்டும் என்றும் வேண்டினார். 1947இல் நடந்ததை நினைத்தால் நெஞ்சு கனக்கிறது.

இந்த வாழ்க்கையை நான் அப்பாவுக்கு ஒரு ஞாயிறு மாலை படித்துக் காட்டினேன். மூட்டை தூக்கிய களைப்பில் தூங்கிவிடுவார் என்று நினைத்தேன், தூங்கவில்லை. முடித்ததும் அவர் கேட்டது ஒன்றுதான்: அந்த ஊர்க் கலவரத்தில் முதலில் யார் என்ன சேதி சொன்னார்கள் என்று எவராவது கண்டுபிடித்தார்களா? எனக்கு அதற்கு விடை தெரியவில்லை. மறுவாரம் நூலகத்தில் தேடினேன்.

காங்கிரஸ் கட்சி பகவான் தாசைத் தலைவராகக் கொண்டு ஆறு பேர் அடங்கிய குழு ஒன்றை அமைத்திருக்கிறது. அக்குழுவில் இந்துக்களும் முசுலிம்களும் இருந்தார்கள். கான்பூரில் என்ன நடந்தது என்பதோடு நில்லாமல், இரு சமயத்தாருக்கும் இடையே பிணக்கு எங்கிருந்து முளைத்தது என்று பல நூற்றாண்டு வரலாற்றையே அவர்கள் ஆராய்ந்து எழுதினார்கள். 1933இல் அந்த அறிக்கையை ஆங்கில அரசு தடைசெய்தது. விடுதலைக்குப் பல ஆண்டுகள் கழித்து நேஷனல் புக் டிரஸ்ட் அதை மறுபடி அச்சிட்டது. எங்கள் நூலகத்தில் இல்லை. பேராசிரியர் தம் நண்பரிடமிருந்து வாங்கித் தந்தார். ஆங்கிலத்தில் இருக்கிறது. அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு படிக்கிறேன். நாற்பது பக்கம் வந்திருக்கிறேன். அப்பா தினமும் இரவில் எது வரை வந்தாய் என்று கேட்கிறார். இந்தக் கட்டுரையின் கையெழுத்துப் படியை மடித்து, போன வாரம் பஞ்சர் கடைக்கு எடுத்துச் சென்றேன். அவர் ஒரு டியூபைத் தண்ணீர்த் தொட்டியில் அமிழ்த்திக் குமிழி பார்த்துக்கொண்டிருந்தார். நான் நின்றேன். தலையை உயர்த்தாமலே, பம்பு அங்கே இருக்கிறது என்று கையைக் காட்டினார். கட்டுரையைக் கொடுக்கவில்லை, காற்று அடித்துக்கொண்டு வந்தேன்.